நெவில் பாஸ்கோ கோல் அடிக்கப் போன கதை

எங்கள் டார்லோ ஊரில் என்னைவிட மோசமான ஆட்டக்காரர்கள் இருந்திருக்கிறார்கள். ஆனால் அவர்களுக்கு விட்டுப்போகும் அளவுக்குப் புத்தி இருந்தது. நான் பதினாறு சீசன் ஆடினேன், எல்லாமே கடைசித் தடுப்பாளனாக.

எங்கள் பக்கத்துக் கால்பந்தில் அந்த வேலை எளிது. எதிரி உதைத்த பந்து நடுக்கம்பங்களுக்கு இடையே போனால் அது கோல், அவனுக்கு ஆறு புள்ளி. வழியில் யார் கையாவது பட்டுவிட்டால் ஒன்றுதான். அதனால் பந்து வந்தால் யோசிக்காமல் குத்திக் கோட்டுக்கு அப்பால் தள்ளிவிடுவேன். தலைக்கு வந்தது தலைப்பாகையோடு போகும். இதைத் தவிர எனக்கு வேறு வித்தை தெரியாது. தெரியுமோ என்று யாரும் சந்தேகப்பட்டதும் இல்லை.

ஆனால் ஒரு கோல்கூட அடித்ததில்லை. ஆள் குறைந்த ஒரு சனிக்கிழமை ஆட வந்த பாதிரியார்கூட இரண்டு அடித்துவிட்டுப் போனார். இதை நான் சிரித்துக்கொண்டேதான் சொல்வேன். உள்ளே எரியும்.

கடைசியில் முட்டிகள் கைவிரித்துவிட்டன. அன்று என் கடைசி ஆட்டம். கோச் ராஸ் டிரெகியர் என்னைத் தனியாக அழைத்தான்.

"இன்னைக்கு உன்ன முன்னாடி நிறுத்துறேன் மாப்ள. ஒரு கோலாவது போட்டுட்டுப் போ. இல்லன்னா உன் கல்லறையில என்னத்த எழுதுறது?"

ஆட்டம் முடியப் போகிறது. நாங்கள் நான்கு புள்ளி பின்னால். உயரமாக வந்த பந்து எல்லோரையும் ஏமாற்றித் துள்ளி நேராக என்னிடம் வந்தது. கம்பங்களுக்கு முன்னால் என்னைத் தவிர ஆளே இல்லை. காலை வீசினால் போதும், கோல், வெற்றி, எல்லாம். ஆனால் பழகிய கை முந்திக்கொண்டது. குத்தினேன். என் வாழ்நாளில் அவ்வளவு அழகாகக் குத்தியதே இல்லை.

வெள்ளைக் கோட் போட்ட கோல் நடுவர் ஒரே ஒரு விரலை நீட்டினார். ராஸ் தரையில் உட்கார்ந்துவிட்டான்.

கோல் விழுந்தால், வேலியோரம் காரில் உட்கார்ந்தே ஆட்டம் பார்ப்பவர்களெல்லாம் ஹார்ன் அடிப்பார்கள். ஒரு புள்ளிக்கு யாரும் அடிப்பதில்லை. அன்று ஒரு கார் மட்டும் விடாமல் அலறியது. என்னுடைய கார். மைதானமே திரும்பிப் பார்த்தது.

மூன்று புள்ளியில் தோற்றுப்போய், அவமானத்தோடு போய்க் காரின் கதவைத் திறந்தேன். என் மனைவி கிளெனிஸ் பிளாஸ்க்கை மூடிக்கொண்டிருந்தாள்.

"ஒரு பாயின்டுக்கு எவளாவது ஹார்ன் அடிப்பாளா? மானமே போச்சு."

"ஒரு பாயின்டுன்னு எனக்குத் தெரியாதாக்கும்? பதினாறு வருஷமா ஹார்ன் மேல கைய வச்சுக்கிட்டே உக்காந்திருக்கேன், நெவில். இன்னைக்கும் அடிக்கலன்னா, அப்புறம் எப்ப அடிக்கிறது?"