குடத்தைக் கவிழ்த்த கை

சென்னையில் கல்லூரியில் படித்தபோது நான் வயிறு வலிக்கச் சிரித்த ஊமைப்படம் ஒன்றைப் போன வாரம் கைபேசியில் தேடிப் பார்த்தேன். காதலன் காதலியின் மேல் பீப்பாய்த் தண்ணீரைக் கொட்டுகிறான். அவள் வழுக்கி விழுகிறாள், எழுகிறாள், மறுபடி விழுகிறாள். ஒவ்வொரு முறையும் அவன் நம்மைப் பார்த்துப் பல்லைக் காட்டுகிறான். கடைசியில் சொட்டச் சொட்ட அவனையே அவள் கட்டிக்கொள்வாள் என்று எனக்குத் தெரியும். அதுவரை பார்க்க முடியவில்லை. அந்த இளிப்பு என் முகத்திலும் ஒரு நாள் இருந்தது.

எங்கள் கல்யாணத்தன்று, தாலி கட்டிய பிறகு, மஞ்சள் தண்ணீர் நிறைந்த பித்தளைக் குடத்தில் மோதிரத்தைப் போட்டு எங்கள் இருவரையும் எடுக்கச் சொன்னார்கள். பெண் கல்வராயன் மலையடிவாரத்து விவசாயி வீட்டுப் பெண். அதுவரை அவளிடம் இரண்டு வார்த்தை பேசியதில்லை. படத்தில் வந்தவனைப் போல அவளைச் சிரிக்க வைத்துவிடலாம் என்று, குடத்தின் அடியில் இடது கையைக் கொடுத்து அவள் பக்கம் கவிழ்த்தேன். பட்டுப்புடவை உடம்போடு ஒட்டிக்கொண்டது. பந்தலே சிரித்தது.

"மோதரத்த எடுக்கச் சொன்னா பொண்ணு குளிச்சிக்கினு இருக்குதே!" என்றார் என் மாமா.

அம்மா மட்டும் சிரிக்கவில்லை. "நெறகொடத்தக் கவுத்துட்டாளே! இன்னா கைடி இது?"

அம்மாவின் முகத்தைப் பார்த்துப் பயந்துவிட்டேன். பிறகு சொல்லிக்கொள்ளலாம் என்று வாயை மூடிக்கொண்டேன். சொல்லவே இல்லை. அதன்பின் எந்த விசேஷத்திலும் அம்மா அவளை ஆரத்தி எடுக்க விடவில்லை. கள்ளக்குறிச்சியில் நாங்கள் சொந்த வீடு கட்டிக் குடிபுகுந்தபோதுகூட நிறைகுடத்தை என் தம்பி மனைவிதான் உள்ளே எடுத்துப் போனாள். வீட்டுக்காரி கூட்டத்தோடு வாசலில் நின்றாள். பந்திக்கு ஆள் அழைத்துக்கொண்டிருந்தேன் நான்.

படத்தைப் பாதியில் நிறுத்திவிட்டு, கீரை ஆய்ந்துகொண்டிருந்த அவளிடம் போனேன்.

"அன்னிக்குக் கொடத்தக் கவுத்தது நான்தான்."

அவள் நிமிரவில்லை. "தெரியுங்க. ஒங்க கை கீழ போனத பாத்துக்கினுதான இருந்தேன்."

"அப்பவே ஏன் சொல்லல?"

"புதுப் பொண்ணு சொன்னா யாரு நம்புவாங்க? நீங்க சொல்லுவீங்கன்னு இருந்தேன். அத்த சாவுற வரிக்கும் இருந்தேன்."

"மன்னிச்சிடு."

"எங்கிட்ட சொல்லி இன்னா ஆவப்போவுது? ஒங்க தம்பி வூட்ல போய்ச் சொல்லுங்க. அவங்களுக்குத்தான் தெரியாது."

நாலு நாளாகிறது. தம்பி வீடு இரண்டு தெரு தள்ளித்தான் இருக்கிறது. உட்கார்ந்து இதை எழுதினேனே தவிர, இன்னும் போகவில்லை.