மூன்றாம் மணிக்குப் பிறகு கதவைத் திறக்காதவர்

செவ்வாய்க்கிழமை காலை, பிரிக்பீல்ட்ஸில் என் வீட்டுச் சுவரில் தொங்கும் நாள்காட்டியின் தாளைக் கிழித்துக்கொண்டிருந்தபோது கைப்பேசி ஒலித்தது. கிள்ளானிலிருந்து ஐனோ அம்மையாரின் மகள் மீரா. "அங்கிள், அம்மா போயிட்டாங்க. விடியகாலைல, தூக்கத்துலயே." அவ்வளவுதான் சொன்னார். கிழித்த தாளைக் குப்பைக் கூடையில் போட மனம் வராமல் சட்டைப்பையில் வைத்துக்கொண்டேன்.

சற்று நேரத்தில் வாட்ஸ்அப்பில் அஞ்சலிச் செய்திகள் வந்து குவிந்தன. ஒன்று அவரை ஆங்கிலேயப் பெண்மணி என்றது. இன்னொன்று திங்கட்கிழமை காலமானார் என்றது. மற்றொன்று, சுற்றுலாப் பயணியாக வந்தவர் தமிழ் மீது காதல் கொண்டு இங்கேயே தங்கிவிட்டார் என்றது. ஐனோ சுப்பையா அம்மையார் பின்லாந்துக்காரர். இறந்தது செவ்வாய்க்கிழமை. அவர் காதல் கொண்டது தமிழ் மீது அன்று. கிள்ளானைச் சேர்ந்த பொறியாளர் சுப்பையா மீது. தமிழ் பிறகுதான் வந்தது, அதுவும் மீன்காரர்களோடு பெரும் சண்டைக்குப் பிறகு. ஒருவர் இறந்த கிழமையைக்கூட விசாரித்து எழுத முடியாதவர்கள், அவருக்காகக் கண்ணீர் வடிப்பதாக எழுதினால் நான் நம்பத் தயாராக இல்லை.

இதைக் கோபத்தோடுதான் எழுதுகிறேன். கொஞ்சம் ஆறட்டும், பிறகு எழுதலாம் என்றார் மீரா. ஆறிவிட்டால் நான் எழுத மாட்டேன். என்னை எனக்குத் தெரியும்.

அம்மையார் பின்லாந்தின் வடபகுதியில் ஒரு சிற்றூரில் பிறந்தவர். அவ்வூரின் சிறிய நாடக அரங்கில் பள்ளிப் பருவத்திலிருந்தே நடித்தவர். குளிர்காலத்தில் பார்வையாளர்கள் பனி ஒட்டிய காலணிகளை வாசலில் கழற்றிவிட்டுக் கம்பளிக் காலுறைகளோடு உட்கார்ந்து நாடகம் பார்ப்பார்களாம். மேற்படிப்புக்காக அந்நாடு சென்றிருந்த சுப்பையா, ஒரு மாலை குளிர் தாங்காமல் அந்த அரங்கில் நுழைந்திருக்கிறார். ஒரு சொல்லும் புரியாமல் முழு நாடகத்தையும் பார்த்தவர், முடிந்ததும் வாசலில் காத்திருந்து, ஆங்கிலத்தில் அந்த நடிகையிடம் ஒரே ஒரு கேள்வி கேட்டார்: கடைசிவரை நீங்கள் ஏன் அந்த நாற்காலியில் உட்காரவே இல்லை?

இதை அம்மையார் என்னிடம் பலமுறை சொல்லியிருக்கிறார். "ஊர்ல எல்லாரும் வசனம் நல்லாருக்குன்னாங்க, அண்ணே. மொழி தெரியாத இவரு ஒருத்தர்தான் நான் என்ன செஞ்சேன்னு பாத்தாரு. அதான் கல்யாணம் பண்ணிக்கிட்டேன்."

மணமாகிக் கிள்ளானுக்கு வந்தார். தமிழைக் கிள்ளான் பாசாரில், மீன் விற்பவர்களிடம் பேரம் பேசிக் கற்றார். ஆகவே அவருடைய தமிழில் மரியாதைச் சொற்களுக்கு முன்பே வசைச் சொற்கள் வந்து சேர்ந்தன. மேடைத் தமிழை வேறாகப் பயின்றார்; வீட்டில் இறுதிவரை பாசார் தமிழையே பேசினார்.

அவர் என்னைத் தேடி வந்தது ஒரு வியாழக்கிழமை பிற்பகல். புதன்கிழமை என்று அவர் கடைசிவரை வாதாடினார், வியாழக்கிழமைதான். நான் அப்போது ரயில்வேயில் கால அட்டவணைப் பிரிவில் வேலை பார்த்தேன். பிரிக்பீல்ட்ஸ் ரயில்வே குடியிருப்பில் வசித்தேன். கைலியும் சட்டையும் அணிந்த வெள்ளைக்காரப் பெண்மணி ஒருவர் வாசலில் நின்று, வணக்கம்கூடச் சொல்லாமல் கேட்டார்:

"அண்ணே, சனிக்கிழமை ராத்திரி இந்தப் பக்கம் எத்தன ரயில் போகும்?"

"எதற்கம்மா?"

"கடைக்கு மேல மாடி ஒன்னு வாடகைக்கு எடுத்திருக்கேன், நாடகம் போட. ரயில் போறப்ப பேசுனா ஒன்னும் கேக்காது. அந்த நேரத்துல என் ஆளுங்க சும்மா நிப்பாங்க. எப்ப நிக்கணும்னு தெரியணும்ல?"

பயணி ரயில்களின் நேரங்களை எழுதிக் கொடுத்தேன். சரக்கு ரயில் நேரத்துக்கு வராது என்றும் எச்சரித்தேன். "பரவால்ல லா. அதுக்கு மட்டும் காத்திருக்கேன்" என்றார். நாடகத்தின் மௌனங்களை ரயில் அட்டவணையை வைத்து அமைக்க நினைத்த ஒருவரிடம் நான் எப்படி வேலைக்குச் சேராமல் இருப்பேன்? அடுத்த சனிக்கிழமை முதல் அவருடைய குழுவின் மேடை நிர்வாகியானேன்.

குழுவின் பெயரே விதியும் ஆனது: மூன்றாம் மணி நாடகக் குழு. நாடகத்துக்கு முன் மூன்று முறை மணி அடிப்போம். மூன்றாம் மணியோடு கதவு சாத்தப்படும். பிறகு யாருக்கும் திறக்காது. மணியைக் கிள்ளான் கடையொன்றில் அம்மையாரே வாங்கி வந்தார். அது பூசை மணி. கடைக்காரர் சொல்லவில்லை, இவரும் கேட்கவில்லை. முதல் நாள் நான் அதை அடித்ததும், நெகிழி நாற்காலிகளில் அரட்டை அடித்துக்கொண்டிருந்த அத்தனை பேரும் சட்டென்று பேச்சை நிறுத்திக் கைகூப்பினார்கள். ஓர் அம்மா கன்னத்தில்கூடப் போட்டுக்கொண்டார். எனக்கு வெட்கமாகிவிட்டது, மணியை மாற்றிவிடலாம் என்றேன். அம்மையார் மறுத்தார். "எதுக்கு மாத்தணும்? என் ஊர்ல விளக்க அணைச்சாக்கூட இவ்ளோ அமைதி வராது, அண்ணே."

அந்த முதல் நாடகத்தைப் பற்றிச் சொல்லியாக வேண்டும், ஏனெனில் இவ்வளவு காலமாக யாரும் சொல்லவில்லை. தோட்டத்து வீட்டைக் காலி செய்யச் சொன்ன நாளில், லோரி வந்து நிற்க, அரிசி டின் மீது உட்கார்ந்துகொண்டு எழ மறுக்கும் ஒரு பெண்ணின் கதை அது. அதற்காக அம்மையார் மாதக்கணக்கில் கேரி தீவுக்குப் போய்ச் செம்பனைத் தோட்டத்துப் பெண்கள் உட்காருவதையும் எழுவதையும் பார்த்து வந்தார். முகத்தில் சாயம் பூசிக்கொள்ள மறுத்துவிட்டார். முழுக்கைச் சட்டை, கைலி, தலைத்துண்டு, வெள்ளை முகம். மேடையில் வந்து நின்றதும் அரங்கம் சிரித்தது. ஏளனச் சிரிப்புத்தான். அவர் அசையவில்லை. சிரிப்பு அடங்கி, மறுபடி எழுந்து, மறுபடி அடங்கும்வரை நின்றார். பிறகு அந்த டின்னைத் தூக்கக் குனிந்தார். பாதியில் இடுப்பு பிடித்துக்கொண்டதைப் போல நின்றுவிட்டார். முன்வரிசையிலிருந்து ஒரு குரல்:

"அடியே, முட்டிய மடக்கித் தூக்குடி! முதுகு போயிரும்!"

அம்மையார் முட்டியை மடக்கினார். தூக்கினார். அதன்பின் ஒருவரும் சிரிக்கவில்லை. அந்தக் குரலுக்கு உரியவர் கேரி தீவிலிருந்து வந்திருந்த ஒரு தோட்டத் தொழிலாளி. ஒரு நடிகைக்கு இதைவிடப் பெரிய பாராட்டை நான் கேட்டதில்லை.

மறுநாள், ஞாயிற்றுக்கிழமை, நாளிதழ் வந்தது. தலைப்பு: "வெள்ளைக்காரப் பெண்ணின் அழகு தமிழ்!" டின்னைப் பற்றி ஒரு வரி இல்லை. குனிந்ததைப் பற்றி இல்லை. அம்மையார் அதை என் முன்னால் நான்காக மடித்து மேசையின் ஆடும் காலுக்கு அடியில் செருகினார். "நான் என்ன பேசற கிளியா, அண்ணே? நடிச்சேன் லா. அத எழுதச் சொல்லுங்க."

எழுதவில்லை. எத்தனை மேடைகளில் அவருக்குப் பொன்னாடை போர்த்தினார்கள்! ஒவ்வொரு மேடையிலும் அதே சொற்கள்: "பாருங்கள், ஒரு வெள்ளைக்காரர் எப்படித் தமிழ் பேசுகிறார்! நம் பிள்ளைகள் வெட்கப்பட வேண்டாமா?" எங்கள் வீட்டுப் பிள்ளைகளைத் திட்டுவதற்கு அவர் ஒரு பிரம்பாகப் பயன்பட்டார்.

கதவு விதி யாருக்கும் வளைந்ததில்லை. ஷா ஆலம் தொழிற்சாலையிலிருந்து வரும் வழியில் நெரிசலில் சிக்கிய சுப்பையா, ஒருமுறை மூன்றாம் மணிக்குப் பின் வந்து சேர்ந்தார். கதவு திறக்கவில்லை. கணவர் நாடகம் முழுவதும் மாடிப்படியில் உட்கார்ந்து கச்சான் கடலை தின்றுகொண்டிருந்தார். வெளியே வந்த நான் மன்னிப்புக் கேட்டேன். "விடுங்க சார், வீட்டுக் கதவ தொறந்து விடுவா. அது போதும்" என்றார் அந்தப் பொறுமைசாலி. அவரும் இப்போது இல்லை.

பிறகு ஒரு தீபாவளிக்கு முந்திய சனிக்கிழமை, ஒரு சங்கத்தின் செயலாளர் டத்தோ பட்டம் வாங்கிய பிரமுகர் ஒருவரை அழைத்து வந்தார். நாடகம் பாதி முடிந்திருந்தது. கதவு தட்டப்பட்டது. வெளியே செயலாளர்; நான் உள்ளே இருந்து மெல்லிய குரலில் பதில் சொன்னேன்.

"ஐயா, டத்தோ வந்துட்டாரு. கதவ தொறங்க."

"நாடகம் ஆரம்பித்துவிட்டது."

"நிறுத்துங்க லா! அஞ்சு நிமிசம். மாலைய போட்டு, டத்தோ ரெண்டு வார்த்த பேசட்டும், அப்புறம் உட்ட எடத்துலருந்து ஆடுங்க. யாருன்னு தெரியுமா?"

"தெரியும். அதனால்தான் மெதுவாகச் சொல்கிறேன்."

அவர்கள் இறங்கிப் போனார்கள். அதன்பின் அச்சங்கத்தின் எந்த விழாவுக்கும் எங்கள் குழு அழைக்கப்படவில்லை. நாங்கள் நாடகம் போடுவதாகச் சொல்லும் துண்டறிக்கையைக்கூட அவர்கள் தம் அறிவிப்புப் பலகையில் ஒட்டவிடவில்லை. அம்மையார் வருந்தியதாக நான் காணவில்லை. "சரக்கு ரயிலுக்குக் காத்திருப்பேன், சிரிக்கிறவங்களுக்குக் காத்திருப்பேன். இவருக்கு எதுக்கு?" என்றார்.

கடைசியாக அவரைப் பார்த்தது இறப்புக்கு முந்திய ஞாயிற்றுக்கிழமை. கிள்ளான் வீட்டில் படுத்திருந்தார். மீராவையும் அருகில் வைத்துக்கொண்டு சொன்னார்: "என் சாவுலயும் மூணு தடவ மணி அடிக்கணும், அண்ணே, அவ்ளோதான். யாருக்கும் காத்திருக்காதீங்க. பேச்சு வேணாம். பேசியே ஆகணும்னா நான் எப்படி நடிச்சேன்னு பேசுங்க. நல்லா நடிக்கலன்னா அதையும் சொல்லுங்க."

"இரண்டாவது நாடகத்தில் நீங்கள் நன்றாக நடிக்கவில்லை" என்றேன்.

"அது எனக்கே தெரியும் லா!" என்று சிரித்தார். இருமல் வந்துவிட்டது. அதுவே நான் கேட்ட கடைசிச் சிரிப்பு.

வியாழக்கிழமை இறுதிச் சடங்கு. நண்பகலுக்குப் புறப்பட வேண்டும். மின்சுடலையில் எங்களுக்குரிய நேரம் தவறினால் மறுநாள்தான். நான் போய்ச் சேர்ந்தபோது வாசலில் கூடாரம், ஒலிபெருக்கி, ஒரு பெரிய பதாகை. "எங்கள் சங்கத்தின் செல்ல மகள், தமிழ் பேசிய வெள்ளைத் தாய்." ஒலிவாங்கியைப் பிடித்திருந்தவரை அடையாளம் கண்டேன். அன்று கதவைத் தட்டிய செயலாளர். இப்போது தலைவர். மீரா உள்ளே தாயின் காலடியில் இருந்த நேரத்தில், யாரையும் கேட்காமல் எல்லாவற்றையும் ஏற்பாடு செய்திருந்தார்.

நண்பகல் ஆயிற்று. "டத்தோ வந்துகிட்டே இருக்காரு. அவர் வந்து பொன்னாட போத்துனதும் எடுத்துடலாம்" என்று அறிவித்தார் தலைவர். எல்லாரும் மறுபடி உட்கார்ந்தார்கள். இதுதான் என் நெஞ்சை இன்னும் எரிக்கிறது. வெயிலில், பெட்டி திறந்திருக்க, அழுதுகொண்டிருந்தவர்கள்கூடக் கண்ணைத் துடைத்துக்கொண்டு, பழக்கப்பட்ட அடக்கத்தோடு உட்கார்ந்துவிட்டார்கள். நம் திருமணங்களில் காத்திருந்தோம், பள்ளி ஆண்டு விழாக்களில் காத்திருந்தோம். ஒரு பிணத்தையும் காக்க வைக்க நமக்குக் கூச்சமில்லை.

கொஞ்ச நேரம் கழித்து, காலையிலிருந்து சொல்லிவந்த அதே அறிவிப்பு மறுபடி. "டோல் தாண்டிட்டாராம்!"

எங்கள் குழுவின் நடிகர், லோரி ஓட்டுநர் பாலன், கூடாரத்தின் ஓரத்திலிருந்து கேட்டார்: "எந்த டோல் தலைவரே? புது டோலா, காலைல தாண்டுன அதே டோலா?"

"தம்பி, துக்க வீடு. மரியாதயா பேசு."

"துக்க வீடுன்னு ஞாபகம் இருக்கா, பாஸ்?"

அப்போது மீரா வெளியே வந்தார். பதாகையைப் பார்த்தார். என்னைப் பார்த்தார். "அங்கிள், மணி கொண்டு வந்தீங்களா?"

கொண்டு வந்திருந்தேன். பையிலிருந்து எடுத்து முதல் மணியை அடித்தேன். குழுவினர் எழுந்து பெட்டியின் இரு பக்கமும் வந்து நின்றார்கள். இரண்டாம் மணி. பெட்டி மூடப்பட்டது. தலைவர் ஒலிவாங்கியை வாயருகே கொண்டுபோய், "ஐயா, கொஞ்சம் பொறுங்க, டத்தோ..." என்று தொடங்கினார். மூன்றாம் மணியை ஓங்கி அடித்தேன். கூடாரமே கைகூப்பியது. தலைவரின் கைகளும் தாமாகவே கூடின. ஒலிவாங்கி அவர் உள்ளங்கைகளுக்கு நடுவே அகப்பட்டு, ஒலிபெருக்கியில் ஒரு கரகரப்பு மட்டும் கேட்டது. அந்தக் கைகள் பிரிவதற்குள் பாலனும் மற்றவர்களும் அம்மையாரைத் தோளில் தூக்கிவிட்டார்கள். முட்டியை மடக்கித்தான் தூக்கினார்கள். நான் கவனித்தேன்.

பெட்டியை ஏற்றிய வண்டி சந்து முனையை அடைந்தபோது எதிரே ஒரு கறுப்புக் கார் திரும்பியது. இருபுறமும் வாகனங்கள் நிறுத்தப்பட்ட குறுகிய பாதை. ஒன்றுதான் போக முடியும். பாலன் குதித்து இறங்கி, இரண்டு கைகளையும் ஆட்டிக்கொண்டு முன்னால் நடந்தார். "கோஸ்தான் பாஸ், கோஸ்தான்! பின்னால போங்க! இன்னும்... இன்னும்... வரட்டும்!" டத்தோவின் கார் பின்னோக்கிப் பின்னோக்கிச் சாலைவரை சென்று ஒதுங்கியது. அம்மையார் கடந்து போனார். உரிய நேரத்துக்குச் சுடலையை அடைந்தோம்.

சனிக்கிழமை மாலை குழுவினர் பிரிக்பீல்ட்ஸ் மாடியில் கூடினோம். மீராவும் வந்திருந்தார். அம்மையார் கேட்டுக்கொண்டபடி நடிப்பைப் பற்றி மட்டுமே பேசினோம். அந்த அரிசி டின்னைப் பற்றி, உட்காராத நாற்காலியைப் பற்றி, மோசமான அந்த இரண்டாவது நாடகத்தைப் பற்றி. நடுவில் சரக்கு ரயில் ஒன்று, எந்த அட்டவணையிலும் இல்லாத நேரத்தில், நீளமாகப் போயிற்று. பேசிக்கொண்டிருந்த பாலன் வாக்கியத்தின் பாதியில் நிறுத்தினார். யாரும் அசையவில்லை. கடைசிப் பெட்டியும் போய் ஓசை அடங்கிய பிறகு, விட்ட இடத்திலிருந்து தொடர்ந்தார்.

போய் வாருங்கள், அம்மையாரே. கதவைச் சாத்திவிட்டுத்தான் பேசினோம்.