பிரபுக்களைப் பற்றி நான் பேசியது

"பிரபுக்களைப் பத்தி நீ என்னாம்மா பேசப் போற?"

எங்கள் வரலாற்றுத் துறைத் தலைவர் இப்படிக் கேட்டபோது என் கையில் இரண்டு விரல் அகலத்தில் ஒரு காகிதச் சீட்டு இருந்தது. நீல மையில், அவருடைய சாய்வான கையெழுத்தில், 'பழைய ஆர்மீனியாவின் பிரபுக்கள்' என்று எழுதியிருந்தது. விழுப்புரத்தில் நான் படித்த கல்லூரியில் மூன்றாம் ஆண்டு மாணவர்கள் ஒவ்வொருவரும் வரலாற்று மன்றத்தில் அரைமணி நேரம் பேச வேண்டும். சாக்பீஸ் டப்பாவுக்குள் சீட்டுகளைப் போட்டுக் குலுக்கி ஆளுக்கு ஒன்று எடுக்கச் சொல்வார். யாரும் கேள்விப்படாத தலைப்புகளாகத் தேடித் தேடி வைப்பார், நோட்ஸ் பார்த்து ஒப்பிக்க முடியாது என்பதற்காக. என் சீட்டை வாங்கிப் படித்துவிட்டுச் சிரித்தார். கெட்ட மனிதர் இல்லை. எனக்குக் கஷ்டமாக இருக்கும் என்று உண்மையாகவே நினைத்தார். "வேணும்னா வேற சீட்டு எடுத்துக்கோ" என்று டப்பாவை நீட்டினார். பின்வரிசையிலிருந்து ஒரு குரல், "ஆர்மீனியாவா? ஆரணிக்குப் பக்கத்துல கீது சார், நான் பஸ்ல போய்க்கிறேன்" என்றது. வகுப்பே சிரித்தது. நான் சீட்டை மடித்துப் பேனா மூடிக்குள் செருகிக்கொண்டு, "இதையே பேசறேன் சார்" என்றேன்.

பின்வரிசையில் குரல் கொடுத்தவர் எங்கள் ஊர்க்காரர். என் அப்பா யாருடைய நிலத்தில் வேலை செய்தாரோ அவருடைய இளைய மகன். கூட்டேரிப்பட்டிலிருந்து உள்ளே போகும் சாலையில் ஊர் முதலில் வரும். எங்கள் காலனி அதைத் தாண்டி இருக்கிறது. நிலத்துக்காரரை அப்பா ஆண்டை என்பார். என் வயதுடைய அந்த மகனைச் சின்னாண்டை என்பார். வீட்டுக்குள் உட்கார்ந்து எங்களோடு பேசும்போதுகூட அப்படித்தான் சொல்வார். காலனிப் பக்கம் ஊர்த்தெரு தொடங்கும் இடத்தில் ஒரு தண்ணீர்த் தொட்டி உண்டு. அங்கே வந்ததும் அப்பாவின் கை தானாகச் செருப்புக்குப் போகும். தெரு முடியும்வரை செருப்பு கையில் இருக்கும். பஸ்ஸில் ஆண்டை ஏறினால் அப்பா எழுந்துவிடுவார். எத்தனை இருக்கை காலியாக இருந்தாலும் எழுந்துவிடுவார். ஆண்டை உட்கார்ந்த பிறகும் உட்கார மாட்டார். எனக்கு ஏழெட்டு வயது இருக்கும்போது, காலி இருக்கையைக் காட்டி அப்பாவின் வேட்டியை இழுத்தேன். அவர் என் கையை எடுத்துவிட்டு, கம்பியைப் பிடித்துக்கொண்டு, வெளியே ஏரியைப் பார்த்தார்.

எங்கள் குடும்பத்தில் பள்ளிக்கூடத்துக்குள் முதலில் கால் வைத்தவள் நான். கல்லூரிக்குப் போனவளும் நான்தான். அந்தக் கல்லூரியில், அதே வகுப்பில், ஆண்டையின் மகன். இரண்டு வருடம் அவரை நான் எதுவும் சொல்லிக் கூப்பிடவில்லை. சின்னாண்டை என்று சொல்ல நாக்கு மறுத்தது. பெயரைச் சொல்லத் தைரியம் இல்லை. வருகைப் பதிவேட்டை அவரிடம் கொடுக்க வேண்டுமென்றால், "இந்தா" என்றும் சொல்லாமல் "இந்தாங்க" என்றும் சொல்லாமல், மேசை மேல் சத்தம் வரும்படி வைத்துவிட்டு நகர்ந்துவிடுவேன். அப்படி ஒருவரைக் கூப்பிடாமலே ஒரு வகுப்பில் வாழ முடியும். அதற்கு எவ்வளவு சாமர்த்தியம் வேண்டும் என்று செய்து பார்த்தவர்களுக்குத்தான் தெரியும்.

நூலகத்தில் கண்ணாடி அலமாரிக்குள் பூட்டி வைத்திருந்த தடித்த ஆங்கிலக் கலைக்களஞ்சியத்தை உதவியாளர் எனக்குத் திறந்து கொடுத்தார். "கிழிக்காம பாரும்மா" என்று மட்டும் சொன்னார். பக்கத்தில் அகராதியை வைத்துக்கொண்டு இரண்டு வாரம் படித்தேன். அங்கேதான் 'அசாத்' என்ற சொல்லைச் சந்தித்தேன். ஆர்மீனியர்கள் தங்கள் பிரபுக்களுக்கு வைத்திருந்த சொல். பெருநிலக்காரர்களுக்கு அடுத்த படியில் இருந்தவர்கள், குதிரையோடு போருக்குப் போனவர்கள், அசாத்துகள். இன்னும் பழைய காலத்தில் அந்தச் சொல்லுக்குக் குலத்துக்குள் பிறந்தவன் என்று பொருளாம். பிறகு உயர்ந்தவன். பிறகு யாருக்கும் அடிமை இல்லாதவன். பிறகு வரியிலிருந்து விலக்கு உள்ளவன். குதிரைகளும் கோட்டைகளும் போன பிறகும் சொல் மட்டும் சாகவில்லை. இன்று அங்கே தெருவில் போகும் எவரும் அசாத்தாக இருக்கலாம், சுதந்திரமானவர், அவ்வளவுதான். பக்கத்தின் அடியில் சிறிய எழுத்தில் ஒரு குறிப்பு இருந்தது. ஆளில்லாத நாற்காலியையும் அவர்கள் அந்தச் சொல்லால்தான் சொல்கிறார்களாம்.

பாரசீகத்திலும் அதே சொல் உண்டு என்று அடுத்த வரியில் போட்டிருந்தது. திண்டிவனம் பஸ் நிலையத்துக்குப் பின்னால் 'ஆசாத்' என்று பச்சை எழுத்தில் பலகை மாட்டிய சைக்கிள் கடை ஒன்று இருந்தது. பள்ளி நாட்களில் அந்தப் பலகையின் கீழே எத்தனை முறை மழைக்கு ஒதுங்கியிருக்கிறேன். ஒரு பிரபுவின் பட்டத்துக்குக் கீழே நின்றுகொண்டிருக்கிறேன் என்று யார் சொன்னார்கள்?

படிக்கப் படிக்கக் கோபம்தான் வந்தது. உயர்ந்தவன் என்பதற்கும் யாருக்கும் அடிமை இல்லாதவன் என்பதற்கும் ஒரே சொல்லை வைத்திருந்தார்கள் என்றால், அடிமையாக இருந்தவர்களுக்கு என்ன சொல்? அந்தக் குதிரைக்குப் புல் அறுத்தவரை எப்படிக் கூப்பிட்டார்கள்? கலைக்களஞ்சியத்தில் அதற்கு இரண்டு வரிகூட இல்லை. அப்போதுதான் துறைத் தலைவரின் கேள்விக்கு என்னிடம் பதில் இருப்பது தெரிந்தது. பிரபுக்களைப் பற்றி வகுப்பில் யாரையும்விட எனக்குத்தான் அதிகம் தெரியும். மற்றவர்கள் அவர்களைப் பாடப் புத்தகத்தில் பார்த்திருக்கிறார்கள். நான் கீழேயிருந்து பார்த்திருக்கிறேன்.

மன்றம் நடந்த நாளில் என்னிடம் இருந்த இரண்டு நல்ல புடவைகளில் மாம்பழ நிறத்தைக் கட்டிக்கொண்டேன். படித்ததையெல்லாம் வரிசையாகச் சொன்னேன். கடைசியில், தாளில் எழுதாத ஒன்றைச் சொன்னேன். "ஒருத்தர் பிரபுவா இருக்கறதுக்கு எத்தனை பேர் எழுந்து நிக்க வேண்டியிருந்ததுன்னு புஸ்தகத்துல இல்ல. அதை நான் எங்க ஊர்ல எண்ணியிருக்கேன்."

ஆண்டையின் மகன் எழுந்தார். முகத்தில் அந்தப் பழைய சிரிப்பு. "நம்ம ஊர்ல அப்பிடி யாரு கீறாங்க? எனக்குத் தெரிலியே, கொஞ்சம் சொன்னா நல்லாருக்கும்" என்றார். நண்பர்களைத் திரும்பிப் பார்த்துக்கொண்டார்.

இரண்டு வருடமாக என் வாயில் நின்றிருந்த பெயர் வெளியே வந்தது.

"பாஸ்கர், எங்கப்பா எந்த எடத்துல செருப்பைக் கையில எடுக்கறார்னு உங்களுக்குத் தெரியும். அங்கேருந்து உங்க வீடு வரைக்கும் நடந்து பாருங்க. தெரிஞ்சிடும்."

அவர் உட்கார்ந்துவிட்டார். துறைத் தலைவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "ஆர்மீனியாவுக்குப் போன்னா கூட்டேரிப்பட்டுக்குப் போயிட்டியேம்மா" என்றார்.

"வழியில இருந்துச்சு சார்" என்றேன்.

அதற்குக் கைதட்டினார்கள். கைதட்டல் காதில் இருக்கும்போதே பஸ் ஏறினேன். செய்ததற்கு விலை உண்டென்றால் அது என்னோடு முடிந்துவிடும் என்று நினைத்திருந்தேன். அது என் தவறு. எனக்கு முந்தின பஸ்ஸிலேயே செய்தி ஊருக்குப் போய்விட்டிருந்தது.

நான் போய்ச் சேர்ந்தபோது அப்பாவை மல்லாட்டைக் களத்துக்குக் கூப்பிட்டிருந்தார்கள். அறுவடைக் காலம். களம் முழுக்கப் பிடுங்கிய நிலக்கடலைச் செடி குவிந்திருக்க, எங்கள் காலனிப் பெண்கள் உட்கார்ந்து காய் ஆய்ந்துகொண்டிருந்தார்கள், அம்மாவும் அவர்களில் ஒருத்தி. நடுவில் நாற்காலி போட்டு ஆண்டை. எதிரே மேல்துண்டை இடுப்பில் கட்டியபடி அப்பா. நான் களத்தின் ஓரத்தில் நின்றுவிட்டேன்.

"இன்னாடா, உம்பொண்ணு எம்பையன பேரு சொல்லிக் கூப்புட்டாளாமே? காலேஜில அத்தன பேரு முன்னால?"

அப்பா தலை குனிந்து காலடியில் கிடந்த செடியைப் பார்த்தார்.

"படிக்க அனுப்புனா இப்பிடித்தான் பேஜாரு. நாளைக்கு இட்டாந்து மன்னிப்பு கேக்க சொல்லு. கேட்டுட்டா முடிஞ்சுது, நீ பாட்டுக்கு வேலைக்கு வா."

காய் ஆயும் சத்தம் நின்றிருந்தது. அப்பா தலை குனிந்தபடியே, மிக மெதுவாக, ஆனால் களத்தில் எல்லோருக்கும் கேட்கும்படி சொன்னார்: "பேரு வெச்சதே கூப்புடறதுக்குத்தானுங்க ஆண்டை."

பெண்களில் யாரோ சிரித்து, உடனே இருமலாக மாற்றிக்கொண்டார்கள். ஆண்டை எழுந்து போய்விட்டார். அந்த வாக்கியத்தின் கடைசியிலும் அப்பா 'ஆண்டை' என்று சொன்னாரே என்று எனக்கு அன்றைக்கு ஆத்திரம். அதை மட்டும் விட்டிருக்கக் கூடாதா என்று வீட்டில் கேட்டேன். அம்மா அடுப்பிலிருந்து திரும்பி, "அவரு வாயி அப்பிடியே பழகிடுச்சு. ஒனக்குத்தான் வாயி நீளமா வளந்துக்கினு போவுதே, பத்தாதா?" என்றாள். திட்டினாள் என்று நினைத்தேன். தட்டில் அன்றைக்கு இரண்டு மீன் துண்டு அதிகமாக இருந்தது.

மன்னிப்புக் கேட்க நான் போகவில்லை. அப்பா போகச் சொல்லவும் இல்லை. அந்த நிலத்தில் எங்கள் வீட்டில் யாருக்கும் அதன் பிறகு வேலை கிடையாது. அப்பா திண்டிவனத்தில் மல்லாட்டை மண்டிக்கு மூட்டை தூக்கப் போனார். நாற்பது வயதுக்கு மேல் தோள் புதிதாகப் பழக வேண்டியிருந்தது. முதல் மாதம் கையைத் தலைக்கு மேல் தூக்க முடியாமல் அம்மாதான் சட்டை மாட்டிவிடுவாள். அதை அழகாக எழுத எனக்கு வராது. என் ஒரு வாக்கியத்துக்கு அவர் தோள் பதில் சொன்னது. ஒருநாள் தாங்காமல், "நான் பேசியிருக்கக் கூடாதாப்பா?" என்று கேட்டேன். "பேசிட்ட. இப்ப படி" என்றார்.

படித்தேன். பி.எட். முடித்தேன். வேலைவாய்ப்பு அலுவலகத்தில் பதிந்துவிட்டுக் காத்திருந்தேன். விழுப்புரத்துக்கு வரச் சொல்லிக் கல்வி அலுவலகத்திலிருந்து அட்டை வந்த நாளில் அப்பாவும் உடன் வந்தார். காலை மூட்டை இறக்கி முடித்து, மண்டியிலேயே முகம் கழுவி, வெள்ளைச் சட்டை போட்டுக்கொண்டு திண்டிவனத்தில் பஸ் ஏறினார். மூன்று பேர் உட்காரும் இருக்கையில் நான் ஜன்னலோரம், பக்கத்தில் அப்பா, அவருக்கு அடுத்து ஓர் இடம் காலி.

கூட்டேரிப்பட்டில் ஆண்டை ஏறினார்.

அப்பாவின் முதுகு எழுந்ததை நான் பார்த்தேன். முழங்கால் பாதி நிமிர்ந்துவிட்டது. அது அவருக்குத் தெரியாமலே நடந்தது. நாற்பது வருடம் அப்படி எழுந்த உடம்பு. பாதியில் நின்றார். பிறகு அந்த எழுச்சியை வீணாக்காமல் என் பக்கமாக நகர்ந்து உட்கார்ந்து, காலி இடத்தை உள்ளங்கையால் தட்டினார்.

"உக்காருங்க. எடம் கீது."

அவ்வளவுதான். கடைசியில் அந்தச் சொல் வரவில்லை. நான் காத்திருந்தேன், வரவில்லை. ஆண்டை காதில் விழாதவர் போல முன்னால் போய்க் கம்பியைப் பிடித்துக்கொண்டார். விக்கிரவாண்டி வரை நின்றுகொண்டே வந்தார். யாரும் நிற்கச் சொல்லவில்லை. இடம் கடைசிவரை காலியாகவே இருந்தது. அப்பா வெளியே பார்க்கவில்லை. நேராகப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். கலைக்களஞ்சியத்தின் அடிக்குறிப்பை அப்போது அவரிடம் சொல்லலாமா என்று தோன்றியது. சொல்லவில்லை. அவருக்குத் தேவைப்படவில்லை.

கல்வி அலுவலகத்தில் எழுத்தர் மூன்று பள்ளிகளில் காலியிடம் இருப்பதாகச் சொன்னார். அதில் ஒன்று எங்கள் ஊர்ப் பள்ளி. என் முகவரியைப் பார்த்துவிட்டு அவரே குரலைத் தாழ்த்தினார். "சொந்த ஊரு வேணாம்மா. காலனிலேர்ந்து போய் ஊருல டீச்சரா? தெனம் பேஜாரு. மயிலம் பக்கம் போட்டுடட்டுமா? ஜல்தியா முடிச்சிடலாம்." நல்ல எண்ணத்தில்தான் சொன்னார். சாக்பீஸ் டப்பாவை நீட்டிய கை எனக்கு நினைவு வந்தது. வேறு சீட்டு அன்றைக்கும் நான் எடுக்கவில்லை. "எங்க ஊரே போடுங்க சார்" என்றேன். அப்பா வெளியே மரத்தடியில் இருந்தார். சொன்னதும், தண்ணீர்த் தொட்டியைத் தாண்டித்தான் பள்ளிக்கூடத்துக்குப் போக வேண்டும் என்பது இரண்டு பேருக்கும் ஒன்றாக நினைவு வந்திருக்க வேண்டும். "புதுச் செருப்பு வாங்கிக்க" என்றார்.

வாங்கினேன். போன திங்கட்கிழமை காலை அதைப் போட்டுக்கொண்டு ஊர்த்தெருவின் நடுவில் நடந்தேன். இரண்டு வாசல்களில் பேச்சு நின்றது. நான் நிற்கவில்லை.

ஆறாம் வகுப்பு வருகைப் பதிவேட்டை முதல்முறையாகத் திறந்தபோது, பக்கக் குறியாக வைக்கப் பேனா மூடியிலிருந்த பழைய சீட்டை எடுத்தேன். நீல மை மங்கிவிட்டது. 'பிரபுக்கள்' மட்டும் படிக்க முடிகிறது. பெயர்களை ஒவ்வொன்றாகக் கூப்பிட்டேன். எட்டாவது பெயர் ஆண்டையின் மூத்த மகன் வயிற்றுப் பேத்தியுடையது. எனக்கு முன்பிருந்த ஆசிரியர் அந்தப் பெயரைக் கூப்பிட்டதே இல்லையாம். நிமிர்ந்து பார்ப்பார், குறித்துக்கொள்வார், அவ்வளவுதான்.

"கவிதா."

அந்தப் பெண் தன்னைத்தானா என்று இரண்டு பக்கமும் பார்த்தாள். பிறகு, யாரும் கேட்காமலே எழுந்து நின்றாள்.

"உள்ளேன் டீச்சர்."

"உக்காந்துக்கினே சொல்லலாம்மா" என்றேன். அடுத்த பெயர் எங்கள் காலனிப் பெண்ணுடையது. அதே குரலில் கூப்பிட்டேன்.