கேவ்டா போளின் மழைத்தண்ணீர்

பதினோராயிரத்து நானூற்றுச் சொச்சம் பேர். 2008 நவம்பரிலிருந்து 2019 ஜூலை வரை, நிரஞ்சனா அகமதாபாத்தின் பழைய நகருக்குள் கால்நடையாகக் கூட்டிப்போய், கடைசியில் தன் அப்பா வீட்டு மழைத்தண்ணீரை ஒரு டம்ளர் குடிக்கவைத்தவர்களின் எண்ணிக்கை அது. கேட்டால் எண்ணை உடனே சொல்வாள். அதற்கு முன் பதினாறு வருஷம் ஒரு குஜராத்தித் தினசரியில் பிழை திருத்தியவள். செத்தவரின் வயதைத் தப்பாகப் போட்டால் மறுநாள் வீட்டார் வந்து வாசலில் நிற்பார்கள் என்று தெரிந்தவள். பத்திரிகை வேலை போனபிறகு நடை ஆரம்பித்தபோதும் அந்தப் பயம் கூடவே வந்தது. காட்ட முடியாததைச் சொல்வதில்லை என்பது அவள் விதி.

காலை ஏழே முக்காலுக்கு அஸ்தோடியா வாசலில் கிளம்புவாள். இரண்டரை மணி நேரம். போள் என்ற குடியிருப்புச் சந்து, அதற்குள் இன்னொரு போள். ஒரே ஒரு பெரிய கதவு, அதற்குமேல் காவல்காரன் அறை, உள்ளே முதுகோடு முதுகு ஒட்டிய எழுபது எண்பது வீடுகள். புறாக்களுக்குத் தானியம் போடும் கம்பம் வரும்போது அதைக் கட்டியவர் பெயரைச் சொல்வாள். தெரியாத இடத்தில் தெரியாது என்று சொல்வாள். சிலருக்கு அது பிடிக்காது. அவர்கள் பூபத்பாயிடம் போவார்கள்.

பூபத்பாயும் அதே தெருக்களில்தான் ஆட்களை நடத்துகிறார். அவருடைய நடையில் ஒரு சுரங்கம் உண்டு. கேவ்டா போளின் பின்கட்டில் தொடங்கிக் கோட்டை வரை போகும், அந்தக் காலத்து சேட் ஒருவர் தங்கத்தோடு தப்பியது அதில்தான், இப்போது அடைத்துவிட்டார்கள். எங்கே அடைத்தார்கள் என்று நிரஞ்சனா கேட்டால் மேலே பார்ப்பார். டீக்கடையில் நாலு பேர் நடுவில் ஒருமுறை அவள் சொன்னாள்: "பூபத்பாயோட சுரங்கத்துல நுழைஞ்சா எங்க வெளிய வரலாம் தெரியுமா? அவர் வாய் வழியா." கடைக்காரர் சிரித்ததில் டீ சிந்தியது. பூபத்பாயும் சிரித்தார். அவள் விடவில்லை. பதினோரு வருஷமும் விடவில்லை.

அவள் நடை முடிவது கேவ்டா போளில், அவள் பிறந்த வீட்டில். இப்போது அங்கே இருப்பது அண்ணன் அஷ்வினும் அண்ணி கீர்த்திதாவும். முற்றத்துக்கு அடியில் இருபது அடி ஆழத்தில் மழைத்தொட்டி. முதல் மழையில் மொட்டை மாடியைக் கழுவிவிட்டு, ஆகஸ்டில் சூரியன் மக நட்சத்திரத்தில் இருக்கும்போது பெய்யும் மழையை மட்டும் செப்புக் குழாய் வழியாக உள்ளே விடுவார்கள். வருஷம் முழுக்கக் கெடாது. வாயை மூடியிருக்கும் பித்தளை மூடியை நிரஞ்சனா ஆட்களுக்குக் காட்டுவாள், திறக்கமாட்டாள். வெளிச்சம் பட்டால் பூச்சி வைக்கும். அப்பா அப்படித்தான் சொல்வார், அண்ணனும் அப்படித்தான் சொன்னான், அவளும் அதையே சொன்னாள். பிறகு கீர்த்திதா சமையலறையிலிருந்து செப்புக் குடத்தோடு வருவாள். எல்லோரும் குடிப்பார்கள். நடந்த களைப்பில் அது யாருக்கும் அமிர்தமாகத்தான் இருக்கும்.

ஆட்கள் போனதும் நிரஞ்சனா தன் சின்னச் சொம்பை வாங்கிக்கொண்டு வீட்டுக்குப் போவாள். நான்கு நிமிட நடை. அவள் வீட்டுப் பூஜையில் இருக்கும் தாகோர்ஜி, குழந்தைக் கண்ணன், குழாய்த் தண்ணீர் ஏற்கமாட்டார். குழாய்க்குள் தோல் வாஷர் இருந்த காலத்தில் வந்த விதி அது. வாஷர் ரப்பராக மாறியும் விதி மாறவில்லை. கல்யாணமாகி வந்த 1988லிருந்து அவருக்கு அப்பா வீட்டுத் தண்ணீர்தான்.

ஜூலை இரண்டாம் வாரம், ஒரு வியாழக்கிழமை. நகராட்சிக் குழாய் உடைந்து காலை ஆறு மணித் தண்ணீர் ஒன்பதரைக்குத்தான் வந்தது என்று போள் முழுக்கப் புலம்பல். நிரஞ்சனாவுடன் அன்று பதினோரு பேர். அவர்களில் ஒருவர் மங்களா காரேகர், புனேக்காரர், முப்பது வருஷம் தண்ணீர்ப் பரிசோதனைக் கூடத்தில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். ஒரு வாய் குடித்தார். டம்ளரை மூக்கருகே கொண்டுபோனார். மற்றவர்கள் வாசல் மரவேலையைப் படம் எடுக்கப் போகும்வரை காத்திருந்து, தணிந்த குரலில் சொன்னார்.

"குளோரின் கொஞ்சம் தூக்கலா இருக்கும்மா. மழைக்காலம்ல, அதான் அதிகம் போடறாங்க."

நிரஞ்சனா சிரித்தாள். இது மழைத்தண்ணீர் என்றாள், போன வருஷத்து மகத்தில் பிடித்தது.

"மழையில குளோரின் பெய்யாதும்மா," என்றார் மங்களா. குற்றம் சொல்கிற குரல் இல்லை. வேலையில் பழகிய குரல். டம்ளரைக் காலி செய்துவிட்டு நன்றி சொல்லிப் போனார்.

நிரஞ்சனா சமையலறைப் பக்கம் திரும்பினாள். கீர்த்திதா அவளைப் பார்க்கவில்லை. குடத்தின் விளிம்பைத் துடைத்துக்கொண்டிருந்தாள். துடைத்த இடத்தையே திரும்பத் துடைத்தாள். அது போதுமாக இருந்தது.

பித்தளை மூடியில் இரண்டு வளையம் உண்டு. தனியாளாகத் தூக்கக் கூடியதில்லை. நிரஞ்சனா அதை இழுத்து நகர்த்தினாள். அண்ணி தடுக்கவும் இல்லை, ஒரு கை கொடுக்கவும் இல்லை. பீரோ மேலிருந்த முகம் பார்க்கும் கண்ணாடியை எடுத்துவந்து, முற்றத்தில் விழுந்த வெயிலைப் பிடித்து உள்ளே அனுப்பினாள். மே மாதம் அப்பா சுண்ணாம்பு பூச இறங்கும்போது மேலிருந்து அப்படி வெளிச்சம் காட்டுவது அவள் வேலையாக இருந்தது.

வெயில் வட்டம் சுவரில் இறங்கி அடியைத் தொட்டது. காய்ந்த தரை. குறுக்கே கட்டைவிரல் நுழையும் அகலத்துக்கு ஒரு விரிசல், அதன்மேல் பிடிக்காமல் உதிர்ந்த சிமெண்ட். ஒரு மூலையில் ஸ்கூட்டர் டயர், பட்டம் விடும் நூல் உருளை மூன்று, கால் உடைந்த ஒரு நாற்காலி. வேண்டாத சாமானை உள்ளே போட்டு வைத்திருந்தார்கள்.

அவள் அந்த வாயருகே அப்படியே உட்கார்ந்தாள். காட்ட முடியாததைச் சொல்வதில்லை. இந்தத் தொட்டியில் தண்ணீரைக் கடைசியாக எப்போது பார்த்தாள் என்று யோசித்தாள். அப்பா நடமாடிய காலத்தில். மற்ற வீடு ஒவ்வொன்றிலும் இரண்டு சாட்சி கேட்டவள், சொந்த வீட்டில் ஒன்றுகூடக் கேட்கவில்லை.

அஷ்வின் பன்னிரண்டு மணிக்குக் கடையிலிருந்து சாப்பிட வந்தான். திறந்த மூடியைப் பார்த்ததும் செருப்பைக் கழற்றாமலே ஊஞ்சலில் உட்கார்ந்தான். கேட்காமலே சொல்ல ஆரம்பித்தான். எத்தனையோ தடவை மனசுக்குள் சொல்லிப் பார்த்த பேச்சு போல ஒழுங்காக வந்தது.

2001 ஜனவரி இருபத்தாறு, பூகம்பம். ஓடிப்போய்த் திரும்பி வந்தபோது வீடு நின்றது, தொட்டி விரிசல் விட்டுவிட்டது. ராத்திரிக்குள் அவ்வளவு தண்ணீரும் மண்ணுக்குள் போய்விட்டது. அப்பா அப்போது பக்கவாதத்தில் மாடியில் படுக்கை. அந்தத் தண்ணீரைத் தவிர வேறெதுவும் குடிக்கமாட்டார். மறுநாள் காலை குழாய்த் தண்ணீரைச் செப்பில் ஊற்றித் துளசி போட்டுக் கொடுத்தான். அப்பா குடித்துவிட்டு, எந்த நகராட்சியாலும் இப்படித் தர முடியுமா என்றார். அதற்கப்புறம் நிறுத்த முடியவில்லை. அக்டோபரில் அவர் போனார். பதின்மூன்றாம் நாள் நிரஞ்சனாவிடம் சொல்லிவிடலாம் என்றிருந்தான். அன்று அவள், அப்பா போனாலும் அவர் தண்ணீர் இருக்கிறது என்று அழுதாள். அவள் இரண்டு மாதம் கணவன் வேலையாக ராஜ்கோட் போயிருந்தபோது சிமெண்ட் வைத்துப் பார்த்தான். நிற்கவில்லை.

"அப்பாவுக்குச் சொன்ன பொய்யை நான் கேக்கல, மோட்டாபாய்," என்றாள் நிரஞ்சனா அண்ணனிடம். "அப்பா போயி பதினெட்டு வருஷமாச்சு. எனக்கு எப்ப சொல்றதா இருந்தீங்க?"

"சொன்னா நீ ஆளுங்களைக் கூட்டிட்டு வர்றதை நிறுத்திடுவ."

"நிறுத்தறதா வேணாமான்னு நான் பாத்துக்க மாட்டேனா?"

"நல்லாத்தானே போயிட்டிருந்துச்சு, நிரு. யாருக்கு என்ன கெட்டுப் போச்சு? ஒருத்தருக்காவது வயித்து வலி வந்துதா?"

அவள் தன் சொம்பைப் பார்த்தாள். அன்றைக்கு நிரப்பி வைத்தது படியோரம் இருந்தது. அவள் பார்த்த இடத்தைக் கீர்த்திதாவும் பார்த்துவிட்டாள்.

"அது குழாய்த் தண்ணி இல்ல, நிருபென்," என்றாள் அவசரமாக. "சத்தியமா இல்ல. விடிகாலையில ஹவேலிக் கோயில் கிணத்துக்குப் போயி நானே எடுத்துட்டு வர்றது. பதினெட்டு வருஷமா ஒரு நாள் தப்பினதில்ல. காய்ச்சல்லகூடப் போயிருக்கேன். தாகோர்ஜிக்கு எப்படிக் குழாய்த் தண்ணி குடுக்கறது?"

நிரஞ்சனாவுக்கு அதுவரை வராத கோபம் அப்போதுதான் வந்தது. சத்தமாகப் பேசவில்லை.

"அவரை ஏமாத்த உங்களுக்குக் கை வரல, பாபி. என்னை ஏமாத்த வந்துச்சு."

சொம்பை எடுக்காமல் வெளியே வந்தாள். எதிர்வீட்டு ஜன்னலில் ஒரு தலை இருந்தது, அடுத்த வீட்டுப் படியில் இரண்டு பேர். மூடி நகர்ந்த சத்தம் போள் முழுக்கக் கேட்டிருக்கும். யார் முகத்திலும் ஆச்சரியம் இல்லை. என்ன ஆச்சு என்று ஒருவர்கூடக் கேட்கவில்லை. அதிலிருந்து அவளுக்கு இன்னொன்று புரிந்தது.

டீக்கடையில் பூபத்பாய் இருந்தார். நேராக அவரிடம் போய், உங்களுக்கும் தெரியுமா என்றாள். எதைப் பற்றி என்று அவரும் கேட்கவில்லை. பெஞ்சில் நகர்ந்து இடம் விட்டார்.

"அந்த சிமெண்ட் மூட்டையை அஷ்வின்பாயும் நானும்தான் தூக்கிட்டு வந்தோம். உன்கிட்ட மட்டும் வாய் திறக்கக் கூடாதுன்னு எல்லார்கிட்டயும் கேட்டுக்கிட்டார்."

"நான் உங்க சுரங்கத்தைச் சொல்லி நாலு பேர் முன்னால சிரிச்சேனே. அப்பவாவது சொல்லிருக்கலாமே."

"சொல்லியிருப்பேன்," என்றார் பூபத்பாய். "மூணு நாலு தடவ நுனி நாக்கு வரைக்கும் வந்துச்சு. அப்புறம், பாவம், இவ நம்பிட்டுச் சொல்றா, நான் தெரிஞ்சே அளக்கறேன், எதுக்குன்னு விட்டுட்டேன்."

அவர் இரக்கப்பட்டார் என்பதுதான் அவளுக்குத் தாங்கவில்லை. எழுபது வீடும் பதினோரு வருஷமாக அவளைப் பார்த்து இரக்கப்பட்டிருக்கிறது. அவள் ஆட்களோடு போளுக்குள் நுழைந்த ஒவ்வொரு காலையும், அந்த ஜன்னல்களில் இருந்தவர்கள் அவள் என்ன சொல்லப் போகிறாள் என்று தெரிந்து, கேட்டுக்கொண்டு, பேசாமல் இருந்திருக்கிறார்கள்.

சாயங்காலம் அஷ்வின் அவள் வீட்டுக்கு வந்தான். பாட்டன் என்ற ஊரில் சுண்ணாம்பு வேலை தெரிந்த ஒரு ஆளை விசாரித்துவிட்டானாம். மழை முடிந்ததும் தொட்டியைப் பூசிவிடலாம். அடுத்த மகத்துக்கு உண்மையிலேயே நிரம்பிவிடும். அதுவரை ஒரு வருஷம், முன்பு சொன்ன மாதிரியே சொல்லிக்கொண்டு போனால் யாருக்கும் தெரியப் போவதில்லை. புனேக்கார அம்மா ஊருக்குப் போய்விட்டார். வெளியே சொன்னால் அப்பா பெயர்தான் கெடும். அப்பா கடைசியாகக் குடித்தது என்ன என்று ஊரே பேசும்.

இதில் கடைசிப் பேச்சு அவளை அசைத்தது. ராத்திரி முழுக்க அதையேதான் திருப்பித் திருப்பி யோசித்தாள். காலையில் தாகோர்ஜிக்குத் தண்ணீர் வைக்கும் நேரம் வந்தபோது சொம்பு அங்கேயே விட்டு வந்தது நினைவுக்கு வந்தது. ஹவேலிக் கிணற்றுக்குத் தானே போய் எடுத்து வந்தாள். பதினைந்து நிமிடம் ஆனது.

அன்று ஒன்பது பேர். வழக்கமான தெருக்கள், வழக்கமான கம்பங்கள். பத்தேகாலுக்கு அப்பா வீட்டு வாசல். கதவு திறந்திருந்தது. அஷ்வின் கடைக்குப் போகாமல் ஊஞ்சலில் இருந்தான். கீர்த்திதா குடமும் டம்ளர்களுமாக நின்றாள். எதிர்வீட்டு ஜன்னலில் அதே தலை.

நிரஞ்சனா வாசலைத் தாண்டவில்லை. தெருவில் நின்றே, ஜன்னல்களுக்கும் கேட்கிற குரலில் சொன்னாள்: இந்த வீட்டில் ஒரு மழைத்தொட்டி உண்டு. 2001 பூகம்பத்தில் விரிசல் விட்டு அன்றைக்கே வற்றிவிட்டது. குடத்தில் இருப்பது நகராட்சித் தண்ணீர். இதற்கு முன் வந்தவர்களுக்கு மழைத்தண்ணீர் என்று சொல்லியிருக்கிறேன், அது தப்பு. அப்பாவைப் பற்றி எதுவும் சொல்லவில்லை.

ஊஞ்சலின் கிறீச்சு நின்றது. வந்தவர்களுக்கு இதில் என்ன இருக்கிறது என்று புரியவில்லை. கொல்கத்தாக்காரர் ஒருவர் மட்டும், குழாய்த் தண்ணீரானாலும் பரவாயில்லை, நல்ல தாகம் என்று சொல்லி இரண்டு டம்ளர் வாங்கிக் குடித்தார். கீர்த்திதா இரண்டாவது டம்ளரைப் பாதிதான் நிறைத்தாள். அஷ்வின் எழுந்து வந்து, அவர் டம்ளரைத் திருப்பித் தரும்வரை பொறுத்திருந்து, கதவைச் சாத்தினான்.

பாட்டன் ஊர்ச் சுண்ணாம்புக்காரர் வரவில்லை. ஆகஸ்டில் ரக்ஷாபந்தனுக்கு நிரஞ்சனா அண்ணனுக்கு ராக்கியைத் தபாலில் அனுப்பினாள். நடை இப்போது பக்கத்துப் போளின் புறாக் கம்பத்தடியில் முடிகிறது. குடிதண்ணீர் பாட்டிலை அவரவரே கொண்டுவர வேண்டும் என்று பதிவுச் சீட்டில் அச்சடித்திருக்கிறாள்.