மலை குடித்த சீன டீ

திருவண்ணாமலை செங்கம் ரோட்டில் டீக்கடை வைத்திருப்பவர்களுக்கு ஆன்மிகத்தின்மேல் பெரிய மரியாதை வராது. தான் யார் என்று தேடிக் கடல் தாண்டி வந்தவர்கள் பெஞ்சிலிருந்து எழுந்து போகும்போது பக்கத்து ஆளின் செருப்பை மாட்டிக்கொண்டு போவதைத் தினமும் பார்த்தால் உங்களுக்கும் வராது. மௌன விரதக்காரர்கள் இன்னும் மோசம். சர்க்கரை கம்மியாக வேண்டும் என்பதைக் கையையும் தலையையும் ஆட்டிச் சொல்லி முடிப்பதற்குள் டீ ஆறிவிடும். அப்புறம் ஆறிவிட்டது என்பதற்கு வேறொரு அபிநயம்.

நைனா இந்தக் கடையை எண்பத்தொன்பதில் போட்டார். எங்கள் வீட்டில் அப்பாவை நைனா என்றுதான் கூப்பிடுவோம். அப்போது ஆசிரமத்தைத் தாண்டினால் புளியமரமும் புழுதியும்தான். நான் பள்ளிக்கூடம் விட்டு நேராகக் கடைக்குத்தான் வருவேன். கிளாஸ் கழுவுவேன், பன் அடுக்குவேன், பால் வாங்கி வருவேன். பாய்லர் பக்கம் மட்டும் போகக் கூடாது. "பொம்பளப் புள்ள பாய்லர்கிட்ட நின்னா ஊர் இன்னா பேசும்?" என்பார். எங்கள் கடைக்கு வருகிற ஊரில் பாதி வெள்ளைக்காரர்கள், மீதி சாமியார்கள். இவர்களில் யார் என்னைப் பற்றி உட்கார்ந்து பேசப்போகிறார்கள் என்று எனக்கு விளங்கியதே இல்லை.

எனக்கு அந்தப் பாய்லர் வேண்டும். பி.காம். முடித்து ஒரு ஆபீசில் வேலை பார்த்துவிட்டு வந்த பிறகு இன்னும் அதிகமாக வேண்டும் என்று ஆகிவிட்டது. ஆபீசில் எல்லோரும் என் மேஜையைத் தாண்டிப் போவார்கள். கடையில் எல்லோரும் நம் முன்னால் வந்து நிற்பார்கள். எனக்கு இரண்டாவதுதான் பிடித்தது, அவ்வளவுதான் காரணம். ஆனால் நைனாவுக்கு முட்டி தேய்ந்துபோய், நிற்க முடியாமல் ஆனபோது அவர் யோசித்தது என்னைப் பற்றி இல்லை, அக்கா புருஷனைப் பற்றி. அந்த மாமாவுக்குக் கீழ்பென்னாத்தூரில் மல்லாட்டை வியாபாரம், அதாவது வேர்க்கடலை. இது இரண்டாயிரத்துக்கு அப்புறம். அந்த வருஷம் கார்த்திகை தீபம் முடிந்ததும் கடையை மாமா எடுத்துக்கொள்வது என்று பேச்சாகிவிட்டது. மாமாவுக்கு டீ போடத் தெரியாது. கண்ணாடிக் கதவு வைத்து, ஏ.சி. போட்டு, வெள்ளைக்காரர்களுக்கு 'கஃபே' நடத்தப்போவதாகச் சொல்லிக்கொண்டிருந்தார்.

இங்கே ஒரு வழக்கத்தைச் சொல்லிவிட வேண்டும். காலையில் போடும் முதல் டீயை நைனா யாருக்கும் விற்கமாட்டார். கிளாஸோடு வெளியே வந்து, மலையைப் பார்த்து நின்று, ரோட்டில் ஊற்றுவார். அதற்கப்புறம்தான் வியாபாரம். பல டீக்கடைகளில் இது உண்டு. நைனா இதில் ஒரு சட்டமும் வைத்திருந்தார். முதல் கிளாஸை எவன் ஊற்றுகிறானோ அவன்தான் கடைக்காரன். ஒருமுறை அவர் காய்ச்சலில் கிடந்தபோது, கடை திறந்த சித்தப்பா அந்தக் கிளாஸை எடுத்துவிட்டார். நைனா போர்வையோடு ஆட்டோவில் வந்து இறங்கி அதைப் பிடுங்கி, தானே ஊற்றிவிட்டுத் திரும்பிப் போய்ப் படுத்துக்கொண்டார். மலை டீ குடிக்குமா என்று நான் கேட்டிருக்கிறேன். "வேணாம்னா இந்நேரம் சொல்லியிருக்கும்ல" என்றார்.

அதே வருஷம் ஐப்பசி மழையில்தான் அந்தச் சீனத்து அம்மாள் வந்தார். ஐம்பது வயது இருக்கும். கிராப்பு வெட்டிய தலை, கான்வாஸ் ஷூ, தோளில் ஒரு துணிப்பை. பக்கத்துச் சந்தில் ரூம் எடுத்திருந்தார். கடைக்கு வந்து பெஞ்சில் உட்கார்ந்து, பையிலிருந்து ஒரு கண்ணாடிக் குவளையை எடுத்து, அதில் காய்ந்த இலையைப் போட்டு, நைனாவிடம் நீட்டி, சுடுதண்ணீர் கேட்டார்.

டீக்கடைக்கு வந்து சுடுதண்ணீர் கேட்பது கல்யாண வீட்டுக்குப் போய்க் கட்டுச்சோற்றைப் பிரிப்பது மாதிரி. நைனாவுக்கு முகம் சிவந்துவிட்டது. போதாததற்கு, பள்ளிக்கூடத்தில் படிக்கும்போது சீன யுத்தத்துக்காக மிட்டாய்க் காசை நிதியில் போட்டவர் அவர். "எல்லையில பண்ணது பத்தாதுன்னு எம் பெஞ்சுலயும் வந்து குந்திக்னா பாரு" என்று முணுமுணுத்துக்கொண்டே தண்ணீரை ஊற்றினார்.

அந்த அம்மாள் குவளையை ஒரு சுழற்று சுழற்றி, எழுந்து போய், அந்த முதல் தண்ணீரை ரோட்டோரம் ஊற்றினார். எதிரே மலை. நைனா அப்படியே நின்றுவிட்டார். "மலைக்கு ஊத்துறா பாத்தியா. நம்ம ஆளுங்களுக்கே இந்தப் புத்தி கெடையாது" என்றார். அதோடு சீன யுத்தம் முடிந்தது. நான் அந்த அம்மாளிடம் தனியாகக் கேட்டேன். இலையில் தூசி இருக்கும், மட்டமான இலையைக் கழுவித்தான் குடிப்போம் என்றார். இதை நைனாவிடம் போய்ச் சொல்லி மறுபடி யுத்தத்தை ஆரம்பிக்க எனக்கு என்ன தலையெழுத்தா.

தெருவில் அவருக்குச் சுடுதண்ணிம்மா என்று பெயர் வந்துவிட்டது. காலையில் போட்ட அதே இலையின்மேல் சாயங்காலம் வரை தண்ணீர் வாங்குவார். அவர் இங்கிலீஷ் அரைகுறை, என்னுடையது பி.காம். இங்கிலீஷ். இரண்டும் சேர்ந்தால் ஒரு மாதிரி வண்டி ஓடும். அப்படித்தான் அவர் ஒரு தேயிலை மலைக்காரர் என்று தெரிந்தது. டீ, சாயா இரண்டுமே அவர்கள் ஊர் வார்த்தைதானாம். நைனா யோசித்துவிட்டு, "தேயிலைல இருக்கிற தே?" என்று கேட்கச் சொன்னார். அதுவும்தான் என்றார் அந்த அம்மாள். நம்ம மலைகளில் இருக்கிற தேயிலைகூட ஆதியில் அங்கிருந்து வந்ததுதான், சீனாக்காரனிடம் வெள்ளியைக் கொட்டிக் கொட்டி வாங்கி மாளாமல், வெள்ளைக்காரன் செடியையும் வேலை தெரிந்த ஆட்களையும் கடத்திக்கொண்டு வந்து இங்கே நட்டான் என்றார். "அப்போ நம்முளுதுன்னு இதுல இன்னாதான் இருக்குது?" என்று நைனா கேட்டார். நான் பாலைக் காட்டினேன்.

இதெல்லாம் மாமா காதுக்கு எட்டியது. அடுத்த பஸ்ஸில் வந்து இறங்கிவிட்டார். சீன டீக்குத் திருவண்ணாமலை ஜில்லா முழுக்கத் தானே ஏஜென்ட் ஆகிவிடுவது என்று வழியிலேயே முடிவுசெய்திருந்தார். "ஏஜென்சி குடுப்பாங்களான்னு கேளு" என்று என்னைப் பிடித்து முன்னால் தள்ளினார். நான் கேட்டது வேறு. உங்கள் ஊரில் எப்படி நடக்கிறது, சொல்லுங்கள் என்றேன்.

அவர் நிதானமாகச் சொன்னார். வசந்தத்தில் முன்னோர்களின் கல்லறைக்குப் போய்க் கும்பிடும் நாள் ஒன்று உண்டாம். அதற்கு முன்னால் கிள்ளுகிற கொழுந்துக்குத்தான் விலை. அந்த நாள் போய்விட்டால், அதே செடியில் அதே விரல் கிள்ளினாலும் விலை இறங்கிவிடும். அந்தக் கொஞ்ச நாளில் கைக்கு வருவதுதான் வருஷம் முழுக்க அரிசி, பிள்ளைகள் படிப்பு, கல்யாணம், வீட்டுக் கூரை எல்லாம். மழை பிடித்துக்கொண்டால் ஊரே தலையில் கை வைத்துக்கொள்ளும். அவர் சின்னப் பெண்ணாக இருந்தபோது இலை முழுவதும் சர்க்கார் கொள்முதல் நிலையத்துக்குப் போய்விடும். அங்கிருந்து கப்பலேறி வெளிநாட்டுக்குப் போய், விலைக்குப் பதில் மெஷினாகத் திரும்பி வரும். மலையில் இருப்பவர்கள் குடித்தது காம்பும் முற்றலும். பிற்பாடு நிலத்தை வீட்டுக்கு வீடு பிரித்துக் கொடுத்தார்கள். வியாபாரிகள் மோட்டார் சைக்கிளில் வந்தார்கள், அப்புறம் காரில் வந்தார்கள், அவர்கள் பின்னாலேயே தார் ரோடும் வந்ததாம்.

எனக்கு எங்கள் தெருதான் கண்ணில் நின்றது. எங்களுக்கு வருஷம் என்பதே பௌர்ணமியும் தீபமும்தான். இங்கிருந்து அடி அண்ணாமலை வரைக்கும் கிரிவலம் வருகிற கால்களை நம்பித்தான் இத்தனை கடை. அன்றைக்கு மழை வந்தால் நாங்களும் தலையில் கைதான். அவர்களுக்குக் கொழுந்து, எங்களுக்கு நிலா.

"நல்ல டீயை யாருக்கு விக்கிறாங்கன்னு கேளு" என்றார் மாமா. முதல் தரமெல்லாம் நாட்டு எல்லையைத் தாண்டாது, பெரிய ஆபீசர்களுக்குப் பரிசாகப் போய்விடும் என்று பதில் வந்தது. "அப்போ நம்மூரு மாரியேதான். பொழைக்கலாம்" என்றார் மாமா.

தீபத்துக்குக் கொஞ்சம் முன்னால், மாமாவும் வந்து தங்கியிருந்தபோது, சுடுதண்ணிம்மா ஒரு சின்ன டின்னைக் கொண்டுவந்து, இரண்டு கையாலும் நைனாவிடம் கொடுத்தார். அவர்கள் வீட்டு மலையின் இலை. ஊருக்குக் கிளம்புகிறார், இத்தனை நாள் தண்ணீர் கொடுத்ததற்கு மரியாதை. நைனா உருகிவிட்டார். மரியாதைக்குப் பதில் மரியாதை செய்யாவிட்டால் அவர் என்ன கடைக்காரர். பாலைத் திக்காகக் காய்ச்சி, இஞ்சி தட்டி, ஏலக்காய் போட்டு, டின்னில் இருந்ததை அப்படியே டீ வடிகட்டும் துணியில் கொட்டிக் கொதிக்கவிட்டார். நிறம் இறங்கவில்லை. இன்னும் கொதிக்கவிட்டார். "இன்னாடா இது, எறங்கவே மாட்டேங்குது" என்று சர்க்கரையைக் கூட்டினார். கடைசியில் கழனித்தண்ணீர் நிறத்தில் ஏதோ ஒன்று வந்தது. உயரத் தூக்கி ஆற்றி, நுரை தளும்ப அந்த அம்மாளிடம் நீட்டினார்.

அவர் ஒரு சொட்டு மிச்சம் வைக்காமல் குடித்தார். "எப்டி இருக்குதுன்னு கேளு" என்றார் மாமா. கேட்டேன். சூடாக இருக்கிறது என்றார்.

நைனா முட்டாள் இல்லை. அது என்ன இலை என்று என்னைக் கேட்கச் சொன்னார். கல்லறை கும்பிடுகிற நாளுக்கு முன்னால் கிள்ளியது, அவர் வீட்டுப் பெண்கள் எல்லோரும் ஒரு காலை முழுக்கக் குனிந்து நின்று பறித்தால் இந்த டின்தான் வரும் என்றார். நான் சொல்லச் சொல்ல நைனாவின் முகம் தொங்கிப்போனது. டின்னைக் கவிழ்த்துத் தட்டினார். அடியில் ஒரு சிட்டிகை ஒட்டியிருந்தது.

"நாளைக்குக் காலைல இத நீ போட்டுக் குடு அவங்களுக்கு. நீதான் தெனமும் அவங்க பண்றதயே பாத்துக்னு இருக்க" என்றார் என்னிடம்.

"பாய்லர்லயா? இவளா?" என்றார் மாமா.

"இது டீ இல்ல மாப்ள. சுடுதண்ணிதான."

மறுநாள் காலை, கடை திறந்து நைனா இன்னும் பால்கூட ஏற்றவில்லை. மாமா கண்ணாடிக் கதவுக்காக டேப்பைப் பிடித்து வாசலை அளந்துகொண்டிருந்தார். சுடுதண்ணிம்மா பெஞ்சில். சின்ன வயதிலிருந்து எட்டி நின்று பார்த்த பாய்லர் முன்னால் முதல்முறையாக நின்றேன். தண்ணீரைப் பிடித்து, கொதி அடங்கும்வரை வைத்திருந்து, சிட்டிகை இலையின்மேல் ஊற்றினேன். இலை மெதுவாக எழுந்து நின்றது. எனக்குப் பெருமை தாங்கவில்லை. தினமும் பார்த்தது மாதிரியே ஒரு சுழற்று சுழற்றி, வெளியே வந்து, முதல் தண்ணீரை ரோட்டில் ஊற்றினேன்.

சுடுதண்ணிம்மா பெஞ்சிலிருந்து எழுந்தே விட்டார். அவர் மொழியில் என்னமோ சொன்னார், எந்த மொழியிலும் அது ஐயோதான். மட்டமான இலையைத்தான் கழுவ வேண்டும். இந்த இலைக்கு முதல் தண்ணீர்தான் எல்லாம். அதைத்தான் நான் செங்கம் ரோட்டுக்கும், அந்தப் பக்கமாகப் போன ஒரு சாமியாரின் காலுக்கும் வார்த்திருந்தேன். சாமியார் குனிந்து காலைப் பார்த்துவிட்டு, ஆசீர்வாதம் செய்துவிட்டுப் போனார்.

"இன்னா பண்ற நீ? உங்க நைனா இன்னும் ஊத்தவே இல்ல" என்றார் மாமா. அப்போதுதான் எனக்கும் உறைத்தது. எதிரே மலை. காலிக் குவளை என் கையில். அன்றைக்கு அந்தக் கடையிலிருந்து மலைக்குப் போன முதல் கிளாஸ் அது.

நைனா நொண்டிக்கொண்டு வாசலுக்கு வந்தார். ஈரத்தைப் பார்த்தார். மலையைப் பார்த்தார். குவளையை முதுகுக்குப் பின்னால் மறைத்தேன். சித்தப்பாவிடமிருந்து கிளாஸைப் பிடுங்கிய ஆள் அவர்.

"அது டீயா, சுடுதண்ணியா? அவங்களையே கேளு" என்றார்.

நான் அதுவரை மொழிபெயர்ப்பில் அங்கங்கே கை வைத்தவள்தான். அன்றைக்கு ஒரு வார்த்தை மாற்றவில்லை. கேட்டேன். இந்த வழக்கம், சட்டம் எதுவும் அந்த அம்மாளுக்குத் தெரியாது. தலையில் கை வைத்தபடி, சிரிப்பும் அழுகையுமாக, டீதான், எங்கள் மலையிலேயே நல்ல டீ அதுதான், அதைப் போய் இந்தப் பெண் கொட்டிவிட்டாளே என்றார். அப்படியே சொன்னேன்.

நைனா மாமா பக்கம் திரும்பினார்.

"ஊத்தியாச்சு மாப்ள. மொதல் கிளாஸ் ஊத்தியாச்சு. இனிமே நான் இன்னா பண்ண முடியும்" என்றார்.

மாமா ஏதோ சொல்ல வாயெடுத்தார். நைனா அதற்குள் வெளியே போய், வாடிக்கையாளர்கள் உட்காரும் பெஞ்சில், சுடுதண்ணிம்மாவுக்குப் பக்கத்தில், முட்டியை நீட்டி உட்கார்ந்துவிட்டார். மாமா கையிலிருந்த டேப் தானாகச் சுருண்டு உள்ளே போனது.

"எனக்கு ஒரு டீ போடும்மா" என்றார் நைனா. "சக்கர கம்மி."

பாலை ஏற்றித் தூளைப் போட்டேன். கொண்டுபோய்க் கொடுத்தேன். ஒரு வாய் குடித்துவிட்டு, தண்ணி ஜாஸ்தி என்றார். இன்னொரு வாய் குடித்துவிட்டு, ஆத்தினது பத்தல என்றார். முழுவதும் குடித்து முடித்ததும் மெதுவாக எழுந்து, தொட்டிக்குப் போய், கிளாஸை அவரே கழுவிக் கவிழ்த்து வைத்தார்.