அப்பா கழற்றிய ஹெட்போன்

வீட்டில் பாட்டு கேட்க பிளானர் மேக்னடிக் என்ற உயர்ரக ஹெட்போன் ஒன்று வாங்கச் சென்னையில் ஒரு கடைக்குப் போயிருந்தேன். "இது ஓபன் பேக் சார். பாட்டு ஓடும்போதே வெளிச் சத்தமும் கேக்கும்" என்றார் கடைக்காரர். உடனே எங்கள் ஆரணி வீடு நினைவுக்கு வந்தது.

பக்கத்து வீட்டில் காலை முதல் இரவு வரை பவர்லூம் தறி இரையும். அதற்காகவே அப்பா காதை முழுக்க மூடும் ஹெட்போன் வாங்கி, மாலையில் கண்களை மூடிப் பாட்டுக் கேட்பார். ஒருநாள் நான் பள்ளியிலிருந்து வந்தபோது, அம்மா கிணற்றடிப் பாசியில் வழுக்கி விழுந்து கிடந்தாள். "எவ்ளோ நேரமா கூப்ட்டுகினே இருக்கேன், உங்கப்பா வரலடா" என்று அழுதாள். உள்ளே ஓடி அப்பாவை உலுக்கினேன். பாட்டின் மயக்கத்தில் சிரித்தபடி கண் திறந்தார்.

அம்மாவுக்கு இடுப்பெலும்பு முறிந்திருந்தது. பிறகு கடைசிவரை தடியூன்றித்தான் நடந்தாள். ஆனால் அப்பாவை ஒரு வார்த்தை சொன்னதில்லை. அன்று ஹெட்போனைக் கழற்றியவர் அப்புறம் பாட்டே கேட்கவில்லை. அந்தத் தறி இரைச்சலிலேயே உட்கார்ந்திருப்பார்.

ஓபன் பேக்கையே வாங்கி ஆரணிக்கு எடுத்துப் போனேன்.

"போட்டுகினு கேளுங்கப்பா. யாராவது கூப்ட்டாலும் காதுல விழும்."

அப்பா அதை வாங்கி மடியில் வைத்துக்கொண்டார்.

"உங்கம்மாதான் போயிட்டாளே. இனிமே என்னை யாருடா கூப்பிடப் போறாங்க?" என்றார்.