வீட்டாள், வெளியாள்

தண்டர் பே நகரில் பதினேழு வருஷமாகப் பேருந்து ஓட்டுகிறவர் வெண்டல். ஏறுகிறவர்களிடம் நாலு வார்த்தை பேசாவிட்டால் அவருக்கு வண்டி நகராது. தொற்று வந்ததும் அவர் இருக்கைக்குப் பின்னால் சங்கிலி கட்டிவிட்டார்கள். பயணிகள் பின்வாசலில் ஏறி அது வழியாகவே இறங்கினார்கள். பேச்சு நின்றது.

அப்போது மகள் மேரனுக்கு இரண்டரை வயது. வேலை முடிந்தால் வெண்டல் நிலவறைக் கதவு வழியாக நுழைந்து, சீருடையைத் துவைக்கப் போட்டு, குளித்துவிட்டுத்தான் மேலே வருவார். மேரன் படியுச்சியில் காத்திருப்பாள்.

“இப்ப நீ அப்பா ஆயிட்டியா?”

“ஆயிட்டேண்டி செல்லம்.”

அதற்குப் பிறகுதான் கழுத்தைக் கட்டிக்கொள்வாள்.

முதலில் வெண்டலுக்குச் சிரிப்பாக இருந்தது. போகப்போகத்தான் புரிந்தது, பிள்ளை உலகத்தையே இரண்டாகப் பிரித்து வைத்திருக்கிறாள் என்று. தொடக்கூடியவர்கள் வீட்டாள், மற்றவர்கள் வெளியாள். வீட்டாள் மூன்றே பேர்: அப்பா, அம்மா, அவள். தபால்காரர் கையசைத்தால் திரைச்சீலைக்குப் பின்னால் ஒளிந்துகொள்வாள். பொம்மைக் கரடிகளைக்கூடத் தள்ளித் தள்ளி உட்காரவைத்து, “ஒட்டாதீங்க” என்று அதட்டுவாள்.

“எல்லாம் நாம சொல்லிக்குடுத்ததுதான்,” என்றாள் மனைவி லோயிஸ். “இதுக்கு முன்னாடி ஒரு உலகம் இருந்துச்சுன்னே அவளுக்கு ஞாபகமில்ல.”

அடுத்த கோடையில் ஆட்கள் மெல்ல வெளியே வரத் தொடங்கினார்கள். வெண்டல் மகளைப் பூங்காவுக்கு அழைத்துப் போனார். சறுக்குமரத்திலிருந்து ஒரு சிறுமி மணலில் விழுந்து அழுதாள். அவள் அம்மா தூரத்திலிருந்து கைக்குழந்தையோடு ஓடிவந்துகொண்டிருந்தாள். மேரன் மூன்றடி தள்ளி நின்று அப்பாவைத் திரும்பிப் பார்த்தாள்.

“அப்பா, இவ வெளியாளா?”

“ஆமா.”

“அழுறாளே.”

வெண்டலுக்கோ பதினைந்து மாதமாக வேண்டாம், வேண்டாம் என்றே சொல்லிப் பழகிய வாய்.

“போ, தூக்கிவிடு,” என்றார்.

சூடான பாத்திரத்தைத் தொடுவதுபோல ஒற்றை விரலால் அந்தச் சிறுமியின் தோளைத் தொட்டாள் மேரன். ஒன்றும் ஆகவில்லை. பிறகு இரண்டு கையாலும் பிடித்து இழுத்தாள். இழுத்த வேகத்தில் தானும் தொப்பென்று மணலில் உட்கார்ந்தாள். அழுத பிள்ளைக்கு அதைப் பார்த்துச் சிரிப்பு வந்துவிட்டது.

வீடு திரும்பி மேரன் வாசலுக்கு வந்ததும், “அவளும் நம்மள மாதிரியே வெதுவெதுன்னு இருக்காப்பா,” என்றாள்.

செப்டம்பரில் பள்ளியில் சேர்ந்தாள். முதல் வாரமே ஆசிரியையிடமிருந்து குறிப்பு வந்தது: மேரன் வரிசையில் நிற்கிற எல்லோர் கையையும் தொட்டுத் தொட்டுப் பார்க்கிறாள், கொஞ்சம் சொல்லி வையுங்கள்.

லோயிஸ் அதைக் கணவரிடம் நீட்டினாள்.

“நீயே சொல்லிக்கோ,” என்றார் வெண்டல். “நான் சொன்னதெல்லாம் போதும்.”